‘நம் கூட்டம்’ குறும்படங்களின் இயக்குநர் மெகோவன் குழந்தைகளிடம் எப்படி வேலை வாங்கினார்?

கேள்வி: கொருக்குப்பேட்டை டீச்சர்

வணக்கம். கொருக்குப்பேட்டையில் ஒரு தொடக்கப்பள்ளியில் நான்காம் வகுப்பு எடுக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மதியங்களில் எங்கள் தெருப் பிள்ளைகள் ஒன்பது பேரை வைத்துக் கைப்பேசியில் ஆறு நிமிட நகைச்சுவைப் படம் ஒன்று எடுத்துக்கொண்டிருக்கிறேன். கதை சிறியதுதான். தண்ணீர் லாரி வரும் நாள். விடியற்காலையில் குடங்களை வரிசையாக வைத்துவிட்டுப் பெரியவர்கள் அவரவர் வேலையைப் பார்க்கப் போய்விடுகிறார்கள். காவலுக்கு நிற்கும் பிள்ளைகள் குடங்களை இடம் மாற்றி விளையாடுகிறார்கள். லாரி தெருமுனையில் திரும்பும் நேரத்தில் எந்தக் குடம் யாருடையது என்று ஒருவருக்கும் தெரியவில்லை.

தெருவில் இந்தப் பிள்ளைகள் விளையாடுவதைப் பார்த்தால் வயிறு வலிக்கச் சிரிக்கலாம். கைப்பேசியைத் தூக்கிப் பிடித்தவுடன் அத்தனை பேரும் பள்ளி ஆண்டுவிழா மேடையில் நிற்பதைப் போல ஆகிவிடுகிறார்கள். தெருவிலேயே பெரிய வாயாடியான பையன், எழுதிக்கொடுத்த வசனத்தைத் திருக்குறள் ஒப்பிப்பதைப் போல ஒப்பிக்கிறான். சொல்லி முடித்ததும் என் முகத்தைப் பார்க்கிறான், மதிப்பெண் கேட்பவனைப் போல.

இணையத்தில் தேடியபோது 1920களில் அமெரிக்காவில் எடுத்த பேசாப்படக் குறும்படங்கள் சில கிடைத்தன. ‘Our Gang’ என்ற ஆங்கிலப் பெயரை அப்படியே தமிழில் எழுதினால் ‘அவர்’ என்று மரியாதைச் சொல்லாகிக் குழப்பும், அதனால் இங்கே ‘நம் கூட்டம்’ என்றே எழுதுகிறேன். அந்தப் பிள்ளைகள் நடிக்கிறார்கள் என்றே எனக்குத் தோன்றவில்லை. இயக்குநர் ராபர்ட் எஃப். மெகோவன் என்று போட்டிருந்தது. யார் இவர்? எப்படி வேலை வாங்கினார்?

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். போன ஞாயிறு ஒரு காட்சியில் பையன் அழ வேண்டும். வரவில்லை. எல்லோர் முன்னாலும் அவனைக் கடுமையாகத் திட்டினேன். அழுதான். நான் நினைத்தபடியே காட்சி கிடைத்தது. வீட்டுக்கு வந்து அதைப் போட்டுப் பார்க்க என்னால் முடியவில்லை. இதற்கும் ஏதாவது பதில் இருந்தால் சொல்லுங்கள்.

பதில் 1: பெரம்பூர் பணிமனைக்காரர்

டீச்சர், உங்கள் கேள்வியை இரண்டு முறை படித்தேன். பெரம்பூர் ரயில்வே பணிமனையில் 34 ஆண்டுகள் வேலை செய்து ஓய்வு பெற்றவன் நான். சினிமா என் தொழில் இல்லை. ஆனால் மெகோவன் எடுத்த படங்களைப் பேரப்பிள்ளைகளோடு உட்கார்ந்து பல வருடங்களாகப் பார்த்து வருகிறேன். சில படங்கள் ஷாட் வாரியாக மனப்பாடம். அவரைப் பற்றித் தமிழில் ஒருவர் கேட்டது இதுதான் முதல் தடவை, அதனால் கொஞ்சம் நீளமாக எழுதினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

மெகோவன் பிறந்தது 1882இல், கொலராடோ மாநிலத்து டென்வர் நகரில். சினிமாவுக்கு வருவதற்கு முன்னால் தீயணைப்பு வீரராக இருந்தார். வேலையில் அடிபட்டு, அதன் பிறகு காலைச் சாய்த்துத்தான் நடந்தார். பணிமனையில் இப்படி அடிபட்ட எத்தனையோ பேரோடு வேலை செய்தவன் நான். ஓடியாடிச் செய்யும் வேலை கையை விட்டுப் போன பிறகு, ஒரு மனிதனுக்கு உட்கார்ந்து கவனிக்கும் பழக்கம் வந்துவிடுகிறது. மெகோவனுக்கும் அப்படித்தான் வந்தது என்று யாரும் எழுதி வைக்கவில்லை. அவருடைய படங்களைப் பார்க்கும்போது எனக்கு அப்படித் தோன்றுகிறது, அவ்வளவுதான்.

‘நம் கூட்டம்’ என்ற யோசனை அவருடையதன்று, தயாரிப்பாளர் ஹால் ரோச்சுடையது. 1921இல் ஒரு சிறுமியை நடிப்புத் தேர்வுக்காக ரோச்சின் அறைக்கு அழைத்து வந்தார்கள். முகம் நிறைய ஒப்பனை, மனப்பாடம் செய்துவைத்த பாவனை. அவள் போன பிறகு ரோச் ஜன்னல் வழியாக வெளியே பார்த்தார். எதிரே ஒரு மரவாடி. அங்கே சில பிள்ளைகள் மரக்குச்சிகளைப் பொறுக்கி வைத்துக்கொண்டு சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். கூட்டத்தில் மிகச் சின்னவன் மிகப் பெரிய குச்சியை எடுத்துவிட்டான். பெரியவனுக்கு அதுதான் வேண்டுமாம். கையில் இருந்த அத்தனை வேலையையும் போட்டுவிட்டு ரோச் அதையே கால்மணி நேரம் பார்த்தாராம். ரோச் பிற்காலத்தில் திரும்பத் திரும்பச் சொன்ன கதை இது. சொல்லச் சொல்லக் கொஞ்சம் மெருகேறியிருக்கலாம். ஆனால் அந்தக் குச்சியை மறக்காதீர்கள் டீச்சர், உங்கள் படத்துக்கு அது வேண்டும்.

முதல் படத்தை எடுத்தவர் வேறோர் இயக்குநர், ஃபிரெட் நியூமேயர். எடுத்ததைப் பார்த்த ரோச்சுக்குப் பிடிக்கவில்லை. மெகோவனைக் கூப்பிட்டு அதை மறுபடியும் எடுக்கச் சொன்னார். 1922 செப்டம்பரில் வரிசையின் முதல் குறும்படம் திரைக்கு வந்தபோது மெகோவனுக்கு வயது நாற்பது. அதன் பின் 1933 வரை, இடையில் சில இடைவெளிகள் தவிர, அந்தக் கூட்டத்துக்கு அவர்தான் இயக்குநர். பிள்ளைகள் அவரை ‘பாப் மாமா’ என்று கூப்பிட்டார்கள்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். அந்தப் பிள்ளைகளில் பலருக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கும் வயதே இல்லை. கதைத்தாளைக் கையில் கொடுத்துப் பயனில்லை. எனவே காட்சி எடுப்பதற்குச் சற்று முன்னால்தான் மெகோவன் என்ன நடக்கிறது என்பதைச் சொல்வார். முழுக் கதையையும் சொல்லமாட்டார், அந்த ஒரு காட்சியை மட்டும். அதன் பிறகு கேமரா சுழலும்போதே மெகாஃபோனை வாயில் வைத்துப் பேசிக்கொண்டே இருப்பார். பேசாப்படம் என்பதால் அவர் குரல் பதிவாகாது. பிள்ளைகள் தாங்களாக எதையாவது சேர்த்தால் தடுக்கமாட்டார், இன்னும் செய் என்பார்.

இதை ஒரு உத்தி என்று மட்டும் எடுத்துக்கொள்ளாதீர்கள். இதில் இருக்கும் மரியாதைதான் எனக்கு முக்கியம். நாம் குழந்தையிடம் ‘சோகமாக இரு’ என்கிறோம். குழந்தைக்குச் சோகமாக ‘இருக்க’த் தெரியாது. ‘உன் வண்டியின் சக்கரத்தை அவன் எடுத்துக்கொண்டு போகிறான் பார்’ என்றால் அதற்கு என்ன செய்ய வேண்டும் என்று நன்றாகத் தெரியும். மெகோவனின் நல்ல படங்களில் ஒவ்வொரு பிள்ளைக்கும் அந்த நொடியில் ஒரு காரியம் இருக்கிறது. கையில் ஒரு பொருள் இருக்கிறது. பழைய பலகையில் வண்டி செய்கிறார்கள், நாயைக் குளிப்பாட்டுகிறார்கள், தாங்களே ஒரு நாடகக் கொட்டகை போட்டுக் காசு வசூலிக்கிறார்கள். முகத்தில் எதையும் காட்டச் சொல்லி அவர் கேட்பதே இல்லை. காரியம் கெட்டுப்போகும்போது முகம் தானாக மாறுகிறது, கேமரா அங்கே காத்திருக்கிறது.

உங்கள் கதையில் குடங்கள் இருக்கின்றன. வசனத் தாளை இன்றைக்கே தூக்கிப் போட்டுவிடுங்கள்.

இனி அவர் வாழ்க்கையில் எனக்கு மிகவும் வருத்தம் தரும் பகுதி. 1929இல் ‘நம் கூட்டம்’ பேச ஆரம்பித்தது. ஒலிவாங்கி இருக்கும் இடத்தில் இயக்குநர் வாயைத் திறக்கக் கூடாது. ஏழு ஆண்டுகளாக எதை வைத்து வேலை செய்தாரோ அந்தக் குரலையே மூடிக்கொள்ள வேண்டியதாயிற்று. முதல் சில பேசும்படங்களில் பிள்ளைகள் ஒருவர் முடிக்கட்டும் என்று இன்னொருவர் காத்து நிற்பது அப்பட்டமாகத் தெரிகிறது. உங்கள் வாயாடிப் பையன் நிற்பதைப் போலத்தான். பார்க்கவே கஷ்டமாக இருக்கும்.

ஆனால் மனிதர் சோர்ந்துவிடவில்லை. ஓராண்டுக்குள் வேறு தாளம் பிடித்தார். ஜாக்கி கூப்பர் என்ற சிறுவனும், வகுப்புக்கு வரும் புதிய டீச்சராக ஜூன் மார்லோ என்ற நடிகையும் வரும் 1930ஆம் ஆண்டுப் பள்ளிக்கூடப் படத்தைத் தேடிப் பாருங்கள். புது டீச்சர் எப்படிப்பட்டவளோ என்று பயந்து, பையன்கள் அவளை விரட்டத் திட்டம் போடுகிறார்கள். வழியில் காரில் தன்னை ஏற்றிக்கொண்ட அழகான பெண்ணிடமே ஜாக்கி அத்தனை திட்டத்தையும் பெருமையாகச் சொல்லிக்கொண்டு வருகிறான். அவள்தான் டீச்சர் என்று அவனுக்குத் தெரியாது. அந்தக் காட்சியில் சிறுவன் பேசுவது பாடம் ஒப்பிப்பது அன்று, தன் ரகசியத்தை அடக்க முடியாமல் கொட்டுவது. பேச்சையும் ஒரு காரியமாக மாற்ற மெகோவன் கற்றுக்கொண்டுவிட்டார். டீச்சராக இருக்கும் உங்களுக்கு அந்தப் படம் இரட்டிப்பாகப் பிடிக்கும்.

நம் பக்கத்துக் கணக்கில் சொன்னால், 1931 அக்டோபர் 31 அன்று தங்கசாலைத் தெருவின் கினிமா சென்ட்ரலில், பின்னாளில் முருகன் டாக்கீஸ் என்று பெயர் மாறியதே அந்தக் கொட்டகையில், ‘காளிதாஸ்’ வெளியாகித் தமிழ் முதன்முதலாகத் திரையில் பேசியது. அதற்குள் மெகோவன் இரண்டு ஆண்டுகளாக ஒலியோடு மல்லுக்கட்டியிருந்தார்.

அந்த வேலை அவர் உடம்பைத் தின்றது. பிள்ளைகள் ஒரு பக்கம், தன் பிள்ளைக்கு இன்னும் ஒரு ‘குளோஸ்-அப்’ வேண்டும் என்று நிற்கும் பெற்றோர் ஒரு பக்கம். மன அழுத்தத்தால் அவ்வப்போது ஓய்வெடுக்க வேண்டி வந்தது. 1920களின் பிற்பகுதியில் பல படங்களை அவருடைய அண்ணன் தம்பி வழிப் பையன் ஒருவர் இயக்கினார். அவர் பெயரும் ராபர்ட் மெகோவன்தான். குழப்பம் வராமல் இருக்க ஆன்டனி மேக் என்ற பெயரைப் போட்டுக்கொண்டார். பெயர்ப் பட்டியலில் அந்தப் பெயரைப் பார்த்தால் இவரென்று நினைத்துவிடாதீர்கள். 1933இல் மெகோவன் விலகியே விட்டார்.

அவருக்குப் பிறகு கஸ் மைன்ஸ், அடுத்து கார்டன் டக்ளஸ். வசனத்தை எழுதியபடியே பேசும் முறை அதற்குப் பிறகுதான் இறுகியது. டக்ளஸ் இயக்கிய 1936ஆம் ஆண்டின் ஒரு ரீல் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. பதினோரு வருடம் உழைத்தவருக்கு அது கிடைக்கவில்லையே என்று எனக்கு இன்றும் ஆற்றாமை உண்டு. 1936இல் மெகோவன் ஒரே ஒரு குறும்படத்துக்காகத் திரும்பி வந்தார். அதே ஆண்டில் பாரமவுன்ட் நிறுவனத்துக்காக, ராணுவப் பள்ளியில் தங்கிப் படிக்கும் பையன்களைப் பற்றி முழுநீளப் படம் ஒன்றும் எடுத்தார். 1940களின் பிற்பகுதியில் ரோச்சோடு மறுபடியும் சேர்ந்து இரண்டு குழந்தைப் படங்களைத் தயாரித்தார். 1955 ஜனவரியில் சான்டா மோனிகாவில் காலமானார். அந்த ஆண்டில்தான் பழைய படங்கள் தொலைக்காட்சிக்கு வந்து ஒரு புதிய தலைமுறையே அவற்றைப் பார்க்கத் தொடங்கியது.

நீங்கள் திட்டிய விஷயத்தைப் பற்றி நான் சொல்வதைவிடப் பிள்ளைகளோடு தினமும் இருப்பவர்கள் யாராவது சொல்வதுதான் சரி.

பதில் 2: வியாசர்பாடி பந்தாட்டம்

நான் சிறுவர்களுக்குக் கால்பந்து சொல்லிக்கொடுப்பவன். ஐயா எழுதியதில் பெரும்பகுதி எனக்குப் புதிது. இரண்டு செய்திகள் எனக்குத் தெரியும், சொல்கிறேன்.

முதலாவது, அழ வைப்பது பற்றி. ஐயா குறிப்பிட்ட அதே ஜாக்கி கூப்பர் 1931இல் வேறு நிறுவனத்துக்கு ஒரு முழுநீளப் படம் நடிக்கப் போனான். இயக்குநர் நார்மன் டாரோக், பையனுக்கு உறவில் மாமா. அழும் காட்சியில் பையனுக்கு அழுகை வரவில்லை. அவனுடைய நாயைச் சுட்டுவிடுவதாகச் சொல்லி அழ வைத்தார்கள். அந்தப் படத்துக்கு டாரோக் சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கர் வாங்கினார். ஒன்பது வயது கூப்பர் சிறந்த நடிகர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டான். கூப்பருக்குக் கிட்டத்தட்ட அறுபது வயதானபோது தன் வாழ்க்கை வரலாற்றை எழுதினார். புத்தகத்தின் தலைப்பே என் நாயைச் சுடாதீர்கள் என்ற கெஞ்சல்தான். ஐம்பது வருடம் கழித்தும் அது அவர் நெஞ்சில் நின்றிருக்கிறது. டீச்சர், நீங்கள் அந்தப் பையனிடம் போய்ப் பேசிவிடுங்கள். காட்சியை வைப்பதா வேண்டாமா என்பதை அவனிடமே கேளுங்கள். என் மைதானத்திலும் ஒரு முறை நான் ஒரு பையனை எல்லோர் முன்னாலும் அவமானப்படுத்திவிட்டேன். அவன் பந்தைத் தொடாமல் மூன்று வாரம் கோட்டுக்கு வெளியே உட்கார்ந்திருந்தான். அவன் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்ட பிறகுதான் உள்ளே வந்தான்.

இரண்டாவது, அந்தக் கூட்டத்தில் யார் யார் இருந்தார்கள் என்பது. 1922இல் அமெரிக்கத் தென்மாநிலங்களில் கறுப்புப் பிள்ளைகளுக்குத் தனிப் பள்ளிக்கூடம், பஸ்ஸில் தனி இருக்கை. இந்தப் படங்களிலோ எர்னி மாரிசன் என்ற கறுப்புச் சிறுவன் கூட்டத்தின் நடுவில் நின்று யோசனை சொல்கிறான். அவனுக்குப் பிறகு ஆலன் ஹாஸ்கின்ஸ், ‘ஃபரீனா’ என்ற பெயரில். இரண்டு வயதுப் பிள்ளையாக வந்து 1931 வரை இருந்தான். அடுத்து மாத்யூ பேர்ட். படப்பிடிப்பு நேரத்தில் இந்தப் பையன் ஸ்டூடியோ முழுக்கச் சுற்றித் திரிந்து மெகோவனைத் திணறடிப்பானாம். அதனாலேயே திணறல் என்று பொருள்படும் ‘ஸ்டைமி’ என்ற பெயரை அவனுக்கு மெகோவன் வைத்தார். அவன் தலையில் இருக்கும் உருண்டைத் தொப்பி லாரல்-ஹார்டியில் வரும் லாரல் கொடுத்தது.

இதைச் சொல்லும்போது மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். அந்தப் பிள்ளைகளைக் காட்டிய விதத்தில் அந்தக் காலத்து இழிவு நிறைய இருக்கிறது. தர்ப்பூசணிப் பழம், பேய் பயம், கிழிசல் உடை என்று கறுப்பர்களைக் கேலி செய்ய அன்று வைத்திருந்த அத்தனை அடையாளங்களும் வருகின்றன. என் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டும்போது சில இடங்களில் நிறுத்திவிட்டுப் பேசுவேன். வியாசர்பாடி என்றாலே சினிமாவில் என்ன காட்டுவார்கள் என்று அவர்களுக்கு நன்றாகத் தெரியும், அதனால் உடனே புரிந்துகொள்கிறார்கள். ஆனாலும் சேர்ந்து விளையாடியது பொய்யன்று. அது எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு ஐயா சொன்ன கடைசிக் காலப் படங்களில் ஒன்றே சாட்சி. 1947இல் ரோச்சும் மெகோவனும் தயாரித்த ‘கர்லி’ என்ற படத்தை மெம்ஃபிஸ் நகரத் தணிக்கைக் குழு தடை செய்தது. காரணம், வெள்ளைப் பிள்ளைகளும் கறுப்புப் பிள்ளைகளும் ஒரே பள்ளிக்கூடத்தில் இருப்பதாகக் காட்டியது. கால் நூற்றாண்டுக்கு முன்னால் தொடங்கியதைத்தான் அவர்கள் அப்போதும் செய்தார்கள்.

உங்கள் ஒன்பது பேரும் ஒரே தெருவா டீச்சர்? ரயில்வே லைனுக்கு அந்தப் பக்கத்துப் பிள்ளைகளையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பதில் 3: மிண்ட் ஒலிப்பதிவு

திருமண வீடியோக்களுக்கு ஒலி சேர்ப்பவன். ஒரே ஒரு யோசனை. மெகோவன் பேசாப்படத்தில் செய்ததை நீங்கள் இன்றைக்கும் செய்யலாம். படம் எடுக்கும்போது கைப்பேசியில் பதிவாகும் ஒலியை வேண்டாம் என்று முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள். காட்சி ஓடும்போது பிள்ளைகளிடம் நீங்கள் தாராளமாகப் பேசலாம். பிறகு தனியாக, கேமரா இல்லாமல், அதே விளையாட்டை ஒரு முறை விளையாடச் சொல்லி ஒலியை மட்டும் பதிவு செய்யுங்கள். காற்று அடிக்காத இடமாக இருக்கட்டும். உங்கள் பகுதியில் சரக்கு ரயில் போகும் நேரத்தைப் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். பிளாஸ்டிக் குடம் தரையில் உரசும் சத்தம், காலிக் குடம் விழும் சத்தம், நிறைந்த குடத்தை இறக்கும் சத்தம், இந்த மூன்றையும் பக்கத்தில் வைத்துத் தனித்தனியாகப் பிடித்துவிடுங்கள். நகைச்சுவைக்கு உதடும் சொல்லும் ஒட்ட வேண்டிய கட்டாயமில்லை.

கொருக்குப்பேட்டை டீச்சர், மூன்று வாரம் கழித்து:

ஐயாவுக்கும் தம்பிகள் இருவருக்கும் நன்றி. நடந்ததை எழுதுகிறேன்.

முதலில் அந்தப் பையன். வீட்டுக்குப் போனேன். அவன் அம்மா காசிமேட்டிலிருந்து மீன் வாங்கி வந்து விற்பவர், கூடையை இறக்கிவைத்துவிட்டு அப்போதுதான் உட்கார்ந்திருந்தார். அவர் முன்னாலேயே அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். காட்சியை வைக்கவா, அழிக்கவா என்று கேட்டேன். அவன் வெகுநேரம் யோசித்தான். ‘அழித்துவிடுங்கள் டீச்சர். ஆனால் நான் குடத்தைத் தூக்கும் இடம் வேண்டும்’ என்றான். அழுகை வரும் பகுதியை அவன் கையாலேயே அழிக்கச் செய்தேன். தூக்கும் இடம் இருக்கிறது.

ஆசிரியப் பயிற்சியில் குழந்தைக்கு முன்னால் உட்கார்ந்து அதன் உயரத்துக்கு வந்து பேசச் சொல்லிக்கொடுத்தார்கள். பதினாறு வருடமாக அதைச் செய்கிறேன். ஆனால் கைப்பேசியை என் உயரத்தில்தான் பிடித்திருந்தேன் என்பதை ஐயா சொன்ன படங்களைப் பார்த்த பிறகுதான் கவனித்தேன். அவற்றில் பெரியவர்கள் வெறும் கால்களாக வந்து போகும் இடங்கள் இருக்கின்றன. அந்த ஞாயிறு தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து எடுத்தேன்.

வசனத் தாள் இல்லை. மொத்தக் கதையையும் சொல்லவில்லை. ‘லாரி வரும்போது யாருடைய குடம் முதலில் இருக்கிறதோ அவர்களுக்குத்தான் தண்ணீர்’ என்று மட்டும் சொன்னேன். ஒலியைப் பற்றிக் கவலை இல்லாததால் நான் பேசிக்கொண்டே இருந்தேன். ‘அவன் உன் குடத்தை நகர்த்துகிறான் பார்’, ‘நீ பார்க்காத நேரம் பச்சைக் குடம் எங்கே போயிற்று’ என்று. முதல் ஐந்து நிமிடம் என்னைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். பிறகு என் குரலையே மறந்துவிட்டார்கள். அதற்கு மேல் நான் சொன்னது எதுவும் அவர்கள் காதில் விழவில்லை. நான் வசனம் எழுதிக்கொடுத்திருந்தால் எனக்கு ஒருபோதும் தோன்றியிராத ஒன்றை வாயாடிப் பையன் செய்தான். எல்லாக் குடத்துக்கும் சுண்ணக்கட்டியால் எண் போட்டான். ஒன்பது குடத்துக்கும் ‘1’.

மரவாடிக் குச்சியை மறக்க வேண்டாம் என்று ஐயா சொன்னீர்களே. ஒரு பெண் குழந்தை, நான்கு வயது, ஒருவனுடைய தங்கை. நடிப்பவர் பட்டியலில் இல்லை, அண்ணன் வருவதால் கூடவே வருவாள். இத்தனை நாளும் அவள் படத்துக்குள் வந்துவிடாமல் இருக்க, ஒருத்தியை அவளுக்குக் காவல் வைத்திருந்தேன். இந்தத் தடவை காவலை எடுத்துவிட்டேன். அவள் வரிசைக்கு நடந்து வந்தாள். இருப்பதிலேயே பெரிய நீலக் குடத்தை, அவள் கழுத்து உயரம் இருக்கும், இரண்டு கையாலும் கட்டிப்பிடித்துக்கொண்டாள். விடவே இல்லை. எட்டுப் பேர் சுற்றி நின்று கெஞ்சினார்கள், மிட்டாய் தருவதாகச் சொன்னார்கள், பயமுறுத்தினார்கள். கன்னத்தைக் குடத்தின் மேல் வைத்துக்கொண்டு அவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தாள். நான்கு நிமிடம் கைப்பேசியை அசைக்காமல் பிடித்திருந்தேன். கை மரத்துப்போயிற்று.

அடுத்த ஞாயிறு ஒலி பிடிக்கிறோம். லைனுக்கு அந்தப் பக்கத்திலிருந்து நான்கு பிள்ளைகள் வருகிறார்கள், அவரவர் வீட்டுக் குடத்தோடு. உண்மையான லாரி எங்கள் தெருவுக்குச் செவ்வாயும் வெள்ளியும் காலை ஆறரைக்கு வருகிறது. ஓட்டுநர் அண்ணனிடம் பேசிவிட்டேன். குழாயைத் திறப்பதற்கு முன்னால் இரண்டு நிமிடம் காத்திருக்க ஒப்புக்கொண்டார்.

பதில் 4: பெரம்பூர் பணிமனைக்காரர்

அந்த நான்கு நிமிடத்தை வெட்டாதீர்கள் டீச்சர். வெள்ளிக்கிழமை ஆறு மணிக்கு நானும் வருகிறேன், என் பேத்திக்கு ஐந்து வயது. குடம் எங்கள் வீட்டிலும் இருக்கிறது.